ஓராண்டு ஒப்பந்தங்களின் உலகம்: நாடு விட்டு நாடு ஆடும் கால்பந்து வீரரின் தொழில்

தொழில்முறை ஆண்கள் கால்பந்தில் இன்று ஓர் ஆண்டில் 20 ஆயிரத்துக்கும் மேற்பட்ட நாடு கடந்த மாற்றங்கள் பதிவாகின்றன. ஒரு நாட்டின் கிளப்பை விட்டு இன்னொரு நாட்டின் கிளப்பில் ஒரு வீரர் சேர்வதே ஒரு மாற்றம். பத்திரிகைகளில் பெரிய எழுத்தில் வரும் பல கோடி யூரோ பேரங்கள் இவற்றில் மிகச் சிறிய பங்கு. ஐந்தில் நான்குக்கும் மேற்பட்ட மாற்றங்களில் ஒரு கிளப் இன்னொரு கிளப்புக்குக் காசு எதுவும் கொடுப்பதில்லை. ஒப்பந்தம் முடிந்து வெளியே நிற்கும் ஒருவரை, ஆள் தேவைப்படும் ஒரு கிளப் சேர்த்துக்கொள்கிறது. பத்து மாதமோ ஓராண்டோ கழித்து அவர் மறுபடியும் வெளியே நிற்கிறார். கால்பந்தை வயிற்றுப்பாட்டுக்கான தொழிலாகக் கொண்டவர்களில் பெரும்பாலோரின் வாழ்க்கை இப்படித்தான் ஓடுகிறது.

இவர்களைப் பற்றிய கதைகள் ஏராளம். சாகசம், ஊர்சுற்றும் ஆசை, கிறுக்குத்தனம் என்றே அவை விளக்கம் தருகின்றன. ஒவ்வொரு நகர்வையும் தனித்தனியே எடுத்துப் பார்த்தால் கிறுக்குத்தனம் குறைவாகவே தென்படும். ஒப்பந்தத்தின் நீளம், லீக்கின் நாட்காட்டி, கையிலுள்ள பாஸ்போர்ட், வெளிநாட்டவருக்கான இடங்களின் எண்ணிக்கை ஆகிய நான்கும் சேர்ந்துதான் ஒரு வீரரை ஊர் ஊராக நகர்த்துகின்றன. இதைக் காட்ட ஜெர்மானிய கோல்கீப்பர் லுட்ஸ் ஃபன்னன்ஷ்டீலைவிடப் பொருத்தமான ஆள் கிடைப்பது அரிது. ஃபிஃபாவின் கீழுள்ள ஆறு கண்டக் கூட்டமைப்புகளிலும் தொழில்முறையாக ஆடிய முதல் வீரர் அவர். ஏறத்தாழ 25 கிளப்புகளின் சட்டையை அணிந்தவர். உலகக் கோப்பையில் ஆடியதில்லை. ஐரோப்பாவின் பெரிய லீக் எதிலும் நிலையான இடம் பெற்றதில்லை.

1973 மே 12 அன்று பவேரியாவின் ட்ஸ்வீசல் என்ற சிற்றூரில் பிறந்தார். செக் எல்லையை ஒட்டிய காட்டுப் பகுதி அது. பக்கத்து ஊரான பாட் கொட்ஸ்டிங்கின் கிளப்பில் தொடங்கி, ஜெர்மனியின் 17 வயதுக்குட்பட்டோர் அணி வரை போனார். பிறகு பேயர்ன் மியூனிக்கிலிருந்து அழைப்பு வந்தது. அதை ஏற்காமல் 1993இல் மலேசியாவின் பினாங்கு அணிக்குப் போனார். ஜெர்மனியில் இதைக் கேட்டவர்கள் தலையில் அடித்துக்கொண்டிருப்பார்கள். ஆனால் கோல்கீப்பரின் தொழிலில் உள்ள ஒரு கணக்கைப் போட்டுப் பார்த்தால் அந்த முடிவு புரியும்.

ஓர் அணியில் முன்களத்திலும் நடுக்களத்திலும் ஆடுகிறவருக்கு ஒரே ஆட்டத்தில் பல வாசல்கள் உண்டு. இரண்டாம் பாதியில் மாற்று வீரராக இறங்கலாம். வலப்பக்க இடம் நிரம்பியிருந்தால் இடப்பக்கம் ஆடலாம். கோல்கீப்பருக்கு இருப்பது ஒரே இடம். முதல் கோல்கீப்பருக்கு அடிபட்டாலோ சிவப்பு அட்டை விழுந்தாலோ தவிர அந்த இடம் காலியாவதில்லை. இரண்டாம் கோல்கீப்பர் ஒரு சீசன் முழுக்கப் பயிற்சி எடுத்தும் ஓர் ஆட்டம்கூட ஆடாமல் போகலாம். மூன்றாமவரின் நிலையைச் சொல்ல வேண்டியதில்லை. ஆடாத கோல்கீப்பரின் பெயர் எந்த ஸ்கவுட்டின் நோட்டுப் புத்தகத்திலும் ஏறாது. பெரிய கிளப்பின் பெஞ்சில் உட்காருவதா, சிறிய லீக்கில் கோல் கம்பங்களுக்கிடையே நிற்பதா என்ற கேள்வி இருபது வயதிலேயே அவர் முன் வந்து நின்றுவிடுகிறது. ஃபன்னன்ஷ்டீல் பின்னாளில் இங்கிலாந்தில் விம்பிள்டன், நாட்டிங்ஹாம் ஃபாரஸ்ட் ஆகிய கிளப்புகளிலும் இருந்தார். அங்கே முதல் அணிக்காக லீக் ஆட்டத்தில் இறங்கும் வாய்ப்பு வரவில்லை. பேயர்னுக்குப் போயிருந்தால் என்ன நடந்திருக்கும் என்பதை ஓரளவு ஊகிக்க அந்த அனுபவம் போதும்.

மலேசியாவைத் தேர்ந்ததிலும் காரணம் இருந்தது. தொண்ணூறுகளின் தொடக்கத்தில் அங்கே மாநில அணிகளின் போட்டிக்குக் கூட்டம் அலைமோதியது. 1989இல் தொடங்கிய அரைத் தொழில்முறை லீக், 1994இல் முழுத் தொழில்முறைக்கு மாறும் கட்டத்தில் இருந்தது. சிங்கப்பூரும் அப்போது மலேசியப் போட்டிகளிலேயே ஆடியது. வெளிநாட்டு வீரர்களை விரும்பிச் சேர்த்தார்கள். எதிர்த் திசையிலும் பயணம் நடந்தது. சிங்கப்பூரின் வி. சுந்தரமூர்த்தி 1989இல் சுவிட்சர்லாந்தின் பாசல் கிளப்பில் ஆடினார்; மலேசியாவின் கெடா அணிக்கும் ஆடினார்; பிற்காலத்தில் சிங்கப்பூர் தேசிய அணியின் பயிற்சியாளரானார். அவருக்கு முன்பே ஃபாண்டி அகமது நெதர்லாந்தின் குரோனிங்கன் கிளப்பில் ஆடியிருந்தார். தென்கிழக்கு ஆசியாவிலிருந்து ஐரோப்பாவுக்கு இப்படி ஒருவர் இருவரே போக முடிந்தது. ஐரோப்பாவிலிருந்து அங்கே போவதற்கோ ஒரு விமான டிக்கெட்டும் நல்ல ஒரு டிரயலும் போதும்.

வீரர்களின் நடமாட்டத்தை உலக அளவில் மாற்றியது ஒரு பெல்ஜிய ஆட்டக்காரரின் வழக்கு. ழான்-மார்க் போஸ்மான், லியேஜ் கிளப்பில் இருந்தவர். 1990இல் ஒப்பந்தம் முடிந்தபோது கிளப் அவருக்கு முன்பைவிட மிகக் குறைந்த சம்பளம் தருவதாகச் சொன்னது. பிரான்சின் டங்கர்க் கிளப்புக்குப் போக அவர் முயன்றார். அன்றைய விதிப்படி, ஒப்பந்தம் முடிந்த பின்னும் பழைய கிளப் மாற்றுத் தொகை கேட்கலாம். கிடைக்காவிட்டால் ஆளை விடாமல் வைத்துக்கொள்ளலாம். லியேஜ் விடவில்லை. ஐந்து ஆண்டு வழக்காடிய பிறகு 1995 டிசம்பர் 15 அன்று லக்சம்பர்க்கில் ஐரோப்பிய நீதிமன்றம் தீர்ப்பளித்தது. ஒப்பந்தம் முடிந்த ஐரோப்பிய ஒன்றிய நாட்டு வீரர், ஒன்றியத்துக்குள் வேறொரு நாட்டுக் கிளப்பில் தொகை எதுவுமின்றிச் சேரலாம். ஒன்றியத்து வீரர்களை 'வெளிநாட்டவர்' என்று எண்ணிக் கட்டுப்படுத்தும் விதியும் செல்லாது.

நட்சத்திரங்களுக்கு இந்தத் தீர்ப்பு பெரும் சம்பளத்தைத் தந்தது. கிளப் கொடுக்காமல் மிச்சப்படுத்திய மாற்றுத் தொகையில் ஒரு பங்கு அவர்களின் பைக்குப் போனது. கீழ்த் தளத்து வீரருக்கு அது இரு முனையிலும் வெட்டியது. அவரைச் சேர்ப்பது எளிதாயிற்று; விடுவதும் அதே அளவு எளிதாயிற்று. விற்றுக் காசாக்க முடியாத வீரருக்கு நீண்ட ஒப்பந்தம் தர ஒரு சிறிய கிளப்புக்குக் காரணமே இல்லை. ஓராண்டு ஒப்பந்தம் வழக்கமாகிப் போனதன் பின்னணி இதுதான். ஜெர்மானிய பாஸ்போர்ட் வைத்திருந்ததால் ஃபன்னன்ஷ்டீலுக்கு இங்கிலாந்திலும் பின்லாந்திலும் வேலை அனுமதி தேவைப்படவில்லை. ஒன்றியத்தில் சேராவிட்டாலும் அதன் தொழிலாளர் சந்தையோடு இணைந்திருந்த நார்வேயும் அவருக்குத் திறந்தே இருந்தது. அதே காலத்தில் ஒரு நைஜீரியரோ பிரேசில்காரரோ இங்கிலாந்தில் ஆட வேண்டுமானால், முந்தைய இரண்டு ஆண்டுகளில் தம் நாட்டு அணியின் போட்டிகளில் 75 சதவீதம் ஆடியிருக்க வேண்டும். அந்த நாடும் உலகத் தரவரிசையில் முதல் 70க்குள் இருக்க வேண்டும். கையுறையின் திறமை ஒன்றாக இருந்தாலும், கதவு யாருக்குத் திறக்கும் என்பதைப் பாஸ்போர்ட்தான் தீர்மானித்தது.

அடுத்து நாட்காட்டி. இங்கிலாந்து, ஜெர்மனி, ஸ்பெயின் ஆகியவற்றின் லீக்குகள் ஆகஸ்டில் தொடங்கி மே மாதத்தில் முடிகின்றன. பனி உறையும் நாடுகளில் அப்படி ஆட முடியாது. பின்லாந்து, நார்வே, கனடா ஆகியவற்றில் சீசன் வசந்தத்தில் தொடங்கி இலையுதிர் காலத்தில் முடியும். நியூசிலாந்தில் 2004இல் தொடங்கிய தேசியச் சாம்பியன்ஷிப் தென்னரைக்கோளக் கோடையில், ஆண்டு இறுதியிலிருந்து ஏறத்தாழ ஏப்ரல் வரை நடந்தது. பிரேசிலில் ஜனவரியிலிருந்து சில மாதங்களுக்கு மாநிலச் சாம்பியன்ஷிப்புகள். இந்த அட்டவணைகளைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் ஓராண்டு ஒப்பந்தக்காரரின் வரைபடம் கிடைத்துவிடும். ஓரிடத்தில் சீசன் முடியும்போது இன்னோரிடத்தில் தொடங்கும். இடையில் சம்பளம் இல்லாத மாதங்கள் குறையும். ஃபன்னன்ஷ்டீலின் பட்டியலில் பின்லாந்தின் டம்பரே, ஹாகா கிளப்புகளும் நார்வேயின் பேரம் கிளப்பும் கனடாவின் கால்கரி மஸ்டாங்ஸும் நியூசிலாந்தின் டனீடன் டெக்னிக்கல், ஒடாகோ யுனைடெட்டும் வருவது உலகம் சுற்றும் ஆசையால் மட்டும் அல்ல. நெல் அறுவடைக்கு டெல்டாவிலும் கரும்பு வெட்டுக்கு வேறு பக்கமும் போகும் கூலிக் குழுவின் ஆண்டுக் கணக்கு போன்றதுதான் இதுவும்.

இதற்கும் ஃபிஃபா ஒரு வரம்பு வைத்திருக்கிறது. ஒரு சீசனில் ஒரு வீரர் அதிகபட்சம் மூன்று கிளப்புகளில் பதிவு செய்துகொள்ளலாம். அதிகாரப்பூர்வ ஆட்டங்கள் ஆடுவது இரண்டு கிளப்புகளுக்கு மட்டுமே. நாட்காட்டி ஒன்றன்மேல் ஒன்று படியும் நாடுகளுக்கு இடையில் மாறுகிறவருக்குச் சலுகை உண்டு. நாடு மாறும் ஒவ்வொரு முறையும் பழைய நாட்டுச் சங்கம் புதிய நாட்டுச் சங்கத்துக்குச் சர்வதேச மாற்றுச் சான்றிதழ் அனுப்ப வேண்டும். அது வராமல் ஆட முடியாது. ஃபன்னன்ஷ்டீலின் காலத்தில் இது ஃபேக்ஸில் போய் வந்த காகிதம். ஒரு சங்கத்தின் அலுவலகத்தில் காகிதம் தங்கிவிட்டால் வீரர் வாரக்கணக்கில் பயிற்சி மட்டும் எடுத்துக்கொண்டிருப்பார். 2010 அக்டோபரில் ஃபிஃபா கணினிவழிப் பதிவைக் கட்டாயமாக்கிய பிறகே இந்தத் தாமதம் குறைந்தது.

ஒப்பந்தம் என்ற காகிதத்தைப் பற்றியும் கொஞ்சம் சொல்ல வேண்டும். ஃபிஃபா விதிப்படி அதன் மிகக் குறைந்த காலம், கையெழுத்திட்ட நாளிலிருந்து அந்தச் சீசன் முடியும் வரை. மிக அதிகம் ஐந்து ஆண்டுகள். மருத்துவச் சோதனையில் தேறினால்தான் செல்லும், வேலை அனுமதி கிடைத்தால்தான் செல்லும் என்று நிபந்தனை எழுத முடியாது. கிளப் முதலிலேயே சோதித்துவிட்டுத்தான் கையெழுத்திட வேண்டும். காகிதத்தில் இது வீரருக்கு நல்ல பாதுகாப்பு. நடைமுறையில் டிரயல் என்ற பெயரில் வாரக்கணக்கில் ஓட விட்டு, கையெழுத்தைத் தள்ளிப்போடும் கிளப்புகள் எல்லாக் கண்டங்களிலும் உண்டு. வெளிநாட்டவரின் ஒப்பந்தத்தில் சம்பளத்துக்குச் சமமாக முக்கியமானவை வீட்டு வாடகை, குடும்பத்துக்கு விமானப் பயணம், காப்பீடு, வரியை யார் கட்டுவது என்ற குறிப்பு. அனுபவப்பட்டவர்கள் சம்பளத் தொகையைப் படிக்கும் முன் இந்தக் குறிப்புகளைத் தேடிப் படிப்பார்கள்.

சம்பளம் வரும் என்பதும் நிச்சயம் இல்லை. வீரர்களின் உலகச் சங்கமான ஃபிஃப்ப்ரோ 2016இல் ஓர் ஆய்வு வெளியிட்டது. 54 நாடுகளில் ஏறத்தாழ 14 ஆயிரம் வீரர்களிடம் கேட்டுத் தொகுத்தது. முந்தைய இரண்டு சீசன்களில் சம்பளம் தாமதமானதாக 41 சதவீதம் பேர் சொன்னார்கள். மாதம் ஆயிரம் டாலருக்கும் குறைவாகச் சம்பாதித்தவர்கள் 45 சதவீதத்துக்கு மேல். சராசரி ஒப்பந்த காலம் இரண்டு ஆண்டுகூட இல்லை. தொலைக்காட்சியில் தெரியும் கால்பந்துக்கும் இந்த எண்களுக்கும் நடுவில் உள்ள தூரம் பெரியது. இரண்டும் ஒரே தொழில் என்று நம்பச் சற்றுச் சிரமமாகவே இருக்கும்.

சம்பளம் வராதவர் என்ன செய்வார்? உள்ளூர் வீரர் உறவினர் வீட்டில் தங்கி, வழக்குப் போட்டுக் காத்திருக்கலாம். வெளிநாட்டவரின் விசா கிளப்போடு கட்டப்பட்டது. கிளப்பை விட்டால் நாட்டையும் விட வேண்டும். கிளப் நிர்வாகிகளுக்கும் இது தெரியும். பல ஆண்டுகள் புகார்கள் குவிந்த பிறகு 2018இல் ஃபிஃபா தன் விதிகளில் ஒரு புதிய பிரிவைச் சேர்த்தது. இரண்டு மாதச் சம்பளம் நிலுவையில் இருந்தால், வீரர் கிளப்புக்கு எழுத்தில் தெரிவித்து 15 நாள் அவகாசம் தர வேண்டும். அதற்குள்ளும் வராவிட்டால் ஒப்பந்தத்தை நியாயமான காரணத்துடன் முறித்துக்கொள்ளலாம். பாக்கிக்கு ஃபிஃபாவின் தகராறு தீர்ப்பு மன்றத்தில் இரண்டு ஆண்டுக்குள் முறையிடலாம். கிளப்பே திவாலாகிவிட்டால் தீர்ப்பு கையிலிருந்தும் பணம் வராது என்பதால், 2020இல் ஃபிஃபாவும் ஃபிஃப்ப்ரோவும் சேர்ந்து 1 கோடியே 60 லட்சம் டாலர் நிதி ஒன்றை ஏற்படுத்தின. ஃபன்னன்ஷ்டீல் ஆடிய காலத்தில் இந்த 15 நாள் விதியும் நிதியும் கிடையாது.

ஏஜென்ட் இல்லாமல் இந்த உலகத்தில் நடமாட முடியாது. ஏஜென்டாலேயே கெட்டவர்களும் அதிகம். 1991இல் ஃபிஃபா ஏஜென்ட் உரிமம் கொண்டுவந்தது. 2015இல் அதைக் கைவிட்டு, யார் வேண்டுமானாலும் இடைத்தரகராகப் பதிந்துகொள்ளலாம் என்றது. எட்டு ஆண்டுக்குப் பின் மறுபடியும் தேர்வும் உரிமமும் வந்தன. இந்தத் தடுமாற்றத்துக்கு இடையில் மிகப் பெரிய விலை கொடுத்தவர்கள் மேற்கு ஆப்பிரிக்கச் சிறுவர்கள். பெற்றோரிடம் பணம் வாங்கிக்கொண்டு, டிரயல் என்று பாரிசுக்கு அழைத்துப் போய், தேறாதவனை நடுத்தெருவில் விட்டுவிடும் தரகர்கள் இருந்தார்கள். முன்னாள் கேமரூன் வீரர் ழான்-கிளோட் ம்புவுமான் 2000இல் பிரான்சில் தொடங்கிய ஃபுட் சாலிடேர் என்ற அமைப்பு இப்படிக் கைவிடப்பட்டவர்களுக்கு உதவியது. அடுத்த ஆண்டு ஃபிஃபா, சில விலக்குகள் தவிர, 18 வயது நிரம்பாதவர்களின் நாடு கடந்த மாற்றத்தைத் தடை செய்தது.

ஃபன்னன்ஷ்டீலின் வாழ்க்கையில் மிக இருண்ட கட்டம் சிங்கப்பூரில் வந்தது. மலேசிய லீக்கில் 1994இல் வெடித்த சூதாட்ட ஊழலுக்குப் பின் சிங்கப்பூர் அதிலிருந்து விலகி, 1996இல் தன் சொந்த எஸ்-லீக்கைத் தொடங்கியது. புதிய லீக்கின் பெயர் கெட்டுவிடக் கூடாது என்பதில் அந்நாடு மிகக் கண்டிப்பாக இருந்தது. செம்பவாங் ரேஞ்சர்ஸ், கெய்லாங் யுனைடெட் ஆகிய கிளப்புகளுக்கு ஆடிய ஃபன்னன்ஷ்டீல், ஆட்டத்தின் முடிவைத் திருப்பப் பணம் பெற்றதாகக் குற்றம் சாட்டப்பட்டார். அவர் மறுத்தார். வழக்கில் பேசப்பட்ட ஆட்டங்கள் எதிலும் அவர் அணி தோற்கவில்லை என்பதே அவர் பக்கத்தின் வலுவான வாதம். 2001இல் நீதிமன்றம் அவரைக் குற்றவாளி என்று தீர்மானித்து ஐந்து மாதச் சிறைத் தண்டனை விதித்தது. 101 நாள் சிறையில் இருந்தார். தம் மீது தவறில்லை என்று இன்றுவரை சொல்லிவருகிறார். வழக்கின் முடிவைப் பற்றி எவருக்கும் ஒரு கருத்து இருக்கலாம். ஊரில் வேரில்லாத, அடுத்த ஆண்டு எங்கிருப்பார் என்று தெரியாத வெளிநாட்டு வீரரைச் சூதாடிகள் முதலில் அணுகுவதும், சந்தேகம் வந்தால் அதிகாரிகளின் பார்வை முதலில் அவர் மேல் விழுவதும் பல லீக்குகளில் கண்ட பழக்கம்.

சிறையிலிருந்து வந்த பின் அவர் போனது நியூசிலாந்துக்கு. அங்கிருந்து இங்கிலாந்தின் பிராட்ஃபோர்ட் பார்க் அவென்யூ என்ற, லீக் அடுக்குகளுக்குக் கீழே ஆடும் கிளப்புக்கு வந்தார். 2002 டிசம்பர் 26 அன்று ஹாரோகேட் டவுனுக்கு எதிரான ஆட்டத்தில், முன்னேறி வந்த எதிரணி வீரரின் முழங்கால் அவர் மார்பில் மோதியது. மூச்சு நின்றது. கிளப்பின் பிசியோதெரபிஸ்ட் மைதானத்திலேயே செயற்கைச் சுவாசம் கொடுத்து மீட்டார், மறுபடியும் நின்றது, மறுபடியும் மீட்டார். மூன்று முறை இப்படி ஆனது. ஆட்டம் கைவிடப்பட்டது. மருத்துவமனையில் கண்விழித்தவர் சில நாட்களிலேயே பயிற்சிக்குத் திரும்பத் துடித்ததாக அவரைப் பற்றி எழுதுகிறவர்கள் வியப்போடு சொல்வார்கள். ஓராண்டு ஒப்பந்தக்காரருக்கு அதில் வியக்க எதுவும் இல்லை. ஆடாத வாரங்களில் அவருடைய கையுறையை இன்னொருவர் மாட்டிக்கொள்வார்.

இந்தச் சம்பவத்தையும், டனீடனில் ஒரு பென்குவினைத் தூக்கிவந்து குளியல் தொட்டியில் வைத்திருந்ததாக அவரே சொன்ன கதையையும் பத்திரிகைகள் திரும்பத் திரும்ப எழுதின. 2009இல் ஜெர்மனில் வந்த அவருடைய தன்வரலாறும் இத்தகைய கதைகளால் நிரம்பியது. படிக்கச் சுவையானவைதான். ஆனால் சம்பளப் பட்டியலும் விசாக் காகிதமும் கதைகளுக்குப் பின்னால் மறைந்துவிடுகின்றன.

ஆறாவது கண்டத்துக்கு வருவோம். ஐரோப்பா, ஆசியா, ஓசியானியா, வட அமெரிக்கா, ஆப்பிரிக்கா ஆகியவை முடிந்து எஞ்சியது தென் அமெரிக்கா. 2008இல் பிரேசிலின் சாண்டா கத்தரினா மாநிலத்தில், இபிராமா என்ற ஊரின் எர்மன் ஐஷிங்கர் கிளப்பில் சேர்ந்தார். ஜெர்மானியர் குடியேறிய பகுதி அது. கிளப்பின் பெயரிலேயே அது தெரியும். பிரேசிலில் மாநிலச் சாம்பியன்ஷிப் முடிந்ததும் நூற்றுக்கணக்கான சிறிய கிளப்புகளுக்கு ஆண்டின் மிச்ச மாதங்களில் ஆட்டமே இருக்காது. அதனால் மூன்று நான்கு மாத ஒப்பந்தங்களே அங்கே வழக்கம். நாடு கடந்த மாற்றங்களில் பிரேசில்காரர்களின் எண்ணிக்கை ஆண்டுதோறும் முதலிடத்தில் இருப்பதற்கு இந்தக் காலியான மாதங்களும் ஒரு காரணம். ஐரோப்பியர் ஒருவர் எதிர்த் திசையில் அங்கே போய்ச் சேர்ந்ததுதான் அபூர்வம். அந்த ஆட்டங்களோடு ஆறு கூட்டமைப்புகளும் நிறைவுற்றன. அதன் பின் நார்வேக்குத் திரும்பி, நமீபியாவின் ராம்ப்ளர்ஸ் கிளப்பில் தம் ஆட்ட வாழ்க்கையை முடிக்கும் கட்டத்துக்கு வந்தார்.

கிளப்புகளின் எண்ணிக்கை மட்டும் ஒருவரின் தரத்தைச் சொல்லாது. உருகுவேயின் செபாஸ்டியன் அப்ரியு இதற்குச் சான்று. 2017 இறுதியில் சிலியின் ஆடாக்ஸ் இத்தாலியானோவில் சேர்ந்தபோது அது அவருடைய 26ஆவது கிளப். கின்னஸ் அதைச் சாதனையாகப் பதிந்தது. பிறகும் சிலவற்றில் ஆடி 2021இல் ஓய்வு பெற்றார். அவர் ஃபன்னன்ஷ்டீல் போல வேலை தேடி அலைந்தவர் அல்ல. 1998இல் ஸ்பெயினின் டெபோர்ட்டிவோ லா கொருனியா அவரை விலைக்கு வாங்கி, அங்கே பயன்படுத்தாமல் பிரேசில், மெக்சிகோ, அர்ஜென்டினா, உருகுவே என்று ஆண்டுதோறும் கடனாக அனுப்பிக்கொண்டிருந்தது. பதிவு ஓரிடம், வேலை இன்னோரிடம். 2010 உலகக் கோப்பைக் காலிறுதியில் கானாவுக்கு எதிராக, உருகுவேயை அரையிறுதிக்குக் கொண்டுபோன கடைசி பெனால்டியை, பந்தின் அடியில் மெல்லத் தட்டி கோலின் நடுவில் மிதக்கவிட்டவர் அவர்தான். இப்படி வீரர்களைக் கடனாக அனுப்பிக் குவித்துவைக்கும் வழக்கத்துக்கு 2022 ஜூலையிலிருந்து ஃபிஃபா வரம்பு விதித்தது. ஒரு கடன் ஓராண்டுக்கு மேல் போகக் கூடாது. கடனாகப் பெற்றவரை மூன்றாம் கிளப்புக்கு அனுப்பக் கூடாது. ஒரு கிளப் வெளிநாடுகளுக்குக் கடனாக அனுப்பக்கூடியவர்களின் எண்ணிக்கையும் படிப்படியாக ஆறுக்குக் குறைக்கப்பட்டது.

இந்தியாவும் இந்த வழித்தடத்தில் ஒரு நிறுத்தம்தான். 2014இல் தொடங்கிய இந்தியன் சூப்பர் லீக் முதல் சில ஆண்டுகளில் சில மாதங்களே நடந்தது; அணிக்கு ஆறு வெளிநாட்டவர் களத்தில் இறங்கலாம். ஓய்வுக்கு நெருங்கிய பெரிய பெயர்களுக்கு அது வசதியாக இருந்தது. சீசன் நீண்டு, களத்தில் வெளிநாட்டவர் எண்ணிக்கை 2017இல் ஐந்தாகவும் 2021இல் நான்காகவும் குறைந்தபோது ஆட்களின் வகை மாறியது. பெயருக்காக ஓர் இடத்தைச் செலவழிக்கக் கிளப்புகளால் முடியவில்லை. கோல் அடிக்கிறவர் தேவைப்பட்டார். லித்துவேனியாவின் நெரியுஸ் வால்ஸ்கிஸை 2019இல் சென்னையின் எஃப்.சி. கொண்டுவந்தபோது இங்கே அவரை அறிந்தவர்கள் மிகச் சிலர். அந்தச் சீசனில் 15 கோல் அடித்து லீக்கின் கோல்டன் பூட் விருதைப் பெற்றார். அடுத்த சீசனே ஜாம்ஷெட்பூருக்குப் போய்விட்டார்.

நைஜீரியாவின் பார்த்தலோமியூ ஓக்பெச்சேயின் பாதை இன்னும் நீளம். பாரிஸ் செயின்ட் ஜெர்மைனில் வளர்ந்து, 2002 உலகக் கோப்பையில் 17 வயதில் நாட்டுக்காக ஆடியவர். அதன் பின் பிரான்ஸ், ஐக்கிய அரபு அமீரகம், ஸ்பெயின், கிரீஸ், இங்கிலாந்து, நெதர்லாந்து என்று சுற்றிவிட்டு, 33 வயதில் 2018இல் குவாஹாட்டியின் நார்த்ஈஸ்ட் யுனைடெட்டுக்கு வந்தார். பிறகு கேரளா பிளாஸ்டர்ஸ், மும்பை சிட்டி, ஹைதராபாத். ஐந்து சீசன்கள், நான்கு கிளப்புகள், 63 கோல்கள். முன்களத்து வீரரின் சந்தை விலை பொதுவாக முப்பதில் இறங்கத் தொடங்கும். அவருக்கோ மிகப் பலன் தந்த ஆண்டுகள் அதற்குப் பிறகே வந்தன. லீக்கின் வேகம், வெப்பம், எதிரணித் தடுப்பாளர்களின் பழக்கம் மூன்றையும் இடம் மாறாமல் கற்றுக்கொண்டதுதான் அதற்குக் காரணமாக இருக்க வேண்டும். கிளப் மாறினாலும் நாடு மாறவில்லை.

ஆட்டம் நின்ற பிறகு என்ன என்ற கேள்வியில் இவர்களில் பெரும்பாலோர் தடுமாறுகிறார்கள். ஒரே நாட்டில் இருந்தவருக்கு ஓய்வூதியச் சேமிப்பு சேர்ந்திருக்கும். பழைய கிளப்பின் இளையோர் பயிற்சியில் ஓர் இடம் கிடைக்கும். பத்து நாடுகளில் துண்டு துண்டாக வேலை செய்தவருக்கு எந்த நாட்டிலும் போதுமான பணிக்காலம் இருக்காது. சொந்த ஊரில் அவரை மறந்திருப்பார்கள். கையில் இருப்பது மொழிகளும் தொலைபேசி எண்களும் மட்டுமே. ஃபன்னன்ஷ்டீல் பருவநிலை மாற்றம் பற்றி விழிப்புணர்வு ஏற்படுத்த குளோபல் யுனைடெட் என்ற அமைப்பைத் தொடங்கி, முன்னாள் வீரர்களைக் கூட்டிக் காட்சி ஆட்டங்கள் நடத்தினார். அந்தத் தொலைபேசி எண்களுக்குச் சந்தை மதிப்பு உண்டு என்று முதலில் கண்டுகொண்டது ஜெர்மனியின் ஹோஃபன்ஹைம் கிளப். 2011 முதல் சில ஆண்டுகள் அதன் ஸ்கவுட்டிங்கிலும் வெளிநாட்டுத் தொடர்புகளிலும் வேலை பார்த்தார். பெரிய கிளப்புகளின் ஸ்கவுட்டுகள் தவறாமல் போகும் ஊர்களைத் தவிர மற்ற ஊர்களிலும் அவருக்கு ஆள் தெரியும். எந்த லீக்கின் கோல் எண்ணிக்கையை எவ்வளவு தள்ளுபடி செய்து படிக்க வேண்டும் என்பதும் தெரியும்.

2018 டிசம்பரில் புண்டஸ்லிகாவின் ஃபார்ச்சுனா டுசல்டார்ஃபில் விளையாட்டு இயக்குநரானார். 2020இல் அந்தக் கிளப் இரண்டாம் டிவிஷனுக்கு இறங்கியது. அதே ஆண்டு ஆகஸ்டில், இன்னும் ஓர் ஆட்டம்கூட ஆடாத, ஓர் ஆளைக்கூடச் சேர்க்காத அமெரிக்காவின் செயின்ட் லூயிஸ் சிட்டி கிளப்பின் விளையாட்டு இயக்குநர் பொறுப்பை ஏற்றார். அணியை வெறும் தாளிலிருந்து கட்ட வேண்டியிருந்தது. டார்ட்மண்டில் இடம் இழந்திருந்த சுவிஸ் கோல்கீப்பர் ரோமன் பூர்க்கியை அழைத்துவந்தார். ஹோஃபன்ஹைமில் இருந்த பிரேசில் முன்களத்து வீரர் ஜுவாவ் கிளாவுஸையும் சேர்த்தார். இருவரும் தம் கிளப்புகளில் ஓரங்கட்டப்பட்டிருந்தவர்கள். 2023இல் அமெரிக்க லீக்கில் இறங்கிய செயின்ட் லூயிஸ் முதல் ஐந்து ஆட்டங்களையும் வென்றது. புதிதாகச் சேர்ந்த எந்த அணியும் அதற்கு முன் இதைச் செய்ததில்லை. சீசன் முடிவில் மேற்குப் பிரிவின் முதலிடத்தைப் பிடித்து, பிளேஆஃப் முதல் சுற்றில் கான்சாஸ் சிட்டியிடம் தோற்றது.